ஒரு மாத்திரை அதிகம்

அத்தியாயம் 4

ஆறு மணிக்கு எழுந்தேன். பல் துலக்கினேன். பால் காய்ச்சினேன். இரண்டு தம்ளர் எடுத்து, ஒன்றைத் திரும்ப அலமாரியில் வைத்தேன். குளித்தேன். அவள் மேஜைக்கு மேலே சுவரில் இருந்த கறையை ஈரத் துணியால் துடைத்தேன். எட்டாவது நாள். இன்னும் போகவில்லை. சட்டையைக் கசங்கலாகவே மாட்டிக்கொண்டேன். இஸ்திரிப் பெட்டி காவல் நிலையத்தில் இருந்தது.

அந்தப் பெட்டியால்தான் என் மனைவியை அடித்திருந்தார்கள். பின்தலையில் ஏழு அடி. பிறகு அவளுடைய கம்ப்யூட்டரையும் நொறுக்கியிருந்தார்கள். கைப்பிடியில் என் ரேகை மட்டும் இருந்தது. எங்கள் வீட்டில் இஸ்திரி போடுவது நான்தான்.

“நாளைக்குப் பன்னெண்டு மணிக்கு ஸ்டேஷனுக்கு வந்துடு. மாத்துத் துணி எடுத்துக்கோ” என்று நேற்று இன்ஸ்பெக்டர் சொல்லியிருந்தார். மாற்றுத் துணி என்றால் திரும்பி வரப்போவதில்லை என்று பொருள். ஒரு பையில் இரண்டு சட்டை வைத்தேன். கதவருகே இருந்த சாவி ஆணியிலிருந்து வீட்டுச் சாவியை எடுத்தேன். அடுத்த ஆணி காலியாக இருந்தது. மாற்றுச் சாவி சில வாரங்களாகவே காணவில்லை. அவள் எங்கோ வைத்து மறந்துவிட்டாள் என்று நினைத்திருந்தேன்.

ஏழரைக்கு அழைப்பு மணி அடித்தது.

வாசலில் ஐம்பத்தைந்து வயதுப் பெண்மணி ஒருவர் நின்றார். கையில் நோட்டு, காதில் பென்சில். அவருக்குப் பின்னால் வாசலை அடைத்துக்கொண்டு ஒரு பருத்த ஆள். சட்டைப் பையில் மூன்று திருப்புளி.

“இருபத்தாறு வருஷம் கோர்ட்ல சுருக்கெழுத்து எழுதினேன், தம்பி. ஸ்டெனோன்னு கூப்பிடுவாங்க. இப்ப துப்பறியறேன்.”

“நான் ஸ்க்ரூ” என்றார் அந்த ஆள். “கம்ப்யூட்டர் ரிப்பேர். எனக்கு ஒன்னு கழண்டிருக்குன்னு சொல்றாங்க. எதுன்னு இன்னும் யாரும் காட்டல.”

“யார் அனுப்பினாங்க?”

“உங்க மாமனார்” என்றார் ஸ்டெனோ.

“எதுக்கு?”

“நீங்கதான் கொன்னீங்கன்னு நிரூபிக்க.”

“உள்ளே வாங்க” என்றேன்.

ஸ்க்ரூ செருப்பைக் கழற்றினார். “இவ்ளோ மரியாதையா கூப்பிடுற கொலைகாரனை நான் பார்த்ததே இல்ல மேடம்.”

ஸ்டெனோ சுவரையும் கறையையும் பார்த்தார். அவள் நாற்காலி வாசலுக்கு முதுகு காட்டி இருப்பதையும் பார்த்தார். பிறகு உட்கார்ந்து, ஸ்க்ரூவின் லேப்டாப்பைத் திறக்கச் சொன்னார்.

“போலீஸ்கிட்ட இருக்கிறது ரெண்டே விஷயம். பெட்டியில உங்க ரேகை. அப்புறம் அவங்க கடைசியாப் பேசின இந்த ஒலிப்பதிவு. இதை உங்களுக்குப் போட்டுக் காட்டினாங்களா?”

“இல்லை. என்ன இருக்குன்னு சொன்னாங்க.”

“அதான் தப்பு. கேட்டதை எழுதணும். சொன்னதை எழுதக் கூடாது.”

சனிக்கிழமைகளில் அவள் விளையாடுவாள். அவளையும் சேர்த்து நான்கு பேர். அவரவர் வீட்டிலிருந்து, ஹெட்போனில் பேசிக்கொண்டே ஒரே விளையாட்டுக்குள் சேர்வார்கள். அறையைத் திறப்பவள் அவள். மற்றவர்கள் அவளுடைய கம்ப்யூட்டருக்குள்தான் வந்து சேர வேண்டும். அவளுக்கு அங்கே ராட்சசி என்று பெயர். அவளுடைய கல்லூரித் தோழி கொசு. டாக்டர் என்று ஒருவர். அவர் டாக்டர் இல்லை. நான்காவது ஆள் வாசப்படி. மூன்று வாரமாக அவனால் மட்டும் உள்ளே சேர முடியவில்லை. ஒவ்வொரு முறையும் ‘அறையில் சேர முடியவில்லை’ என்று திரையில் வரும். வாசலிலேயே நிற்பதால் அந்தப் பெயர்.

அவள் அவனுக்காகத் தினமும் ஒரு மணி நேரம் போனில் உட்கார்ந்தாள். அதை மாற்று, இதை அணை, அழித்துவிட்டுத் திரும்ப ஏற்று. ஒரு ஞாயிற்றுக்கிழமை லேப்டாப்போடு எங்கள் வீட்டுக்கே வரச் சொன்னாள். இங்கே உடனே சேர்ந்துவிட்டது. அவன் வீட்டுக்குப் போனதும் மறுபடி அதே பிழை.

கொசு தன் விளையாட்டை எப்போதும் பதிவு செய்வாள். கொசுவின் திரையில் ஓடிய கடைசி ஒரு நிமிடம்தான் இது. ஸ்க்ரூ அதை ஓட்டினார். ஓரத்தில் நான்கு பெயர்கள், பக்கத்தில் பொடி எழுத்தில் எண்கள். நேரம் 10:52. ‘வாசப்படி இணைந்தார்’ என்று மின்னியது.

“டேய், வாசப்படி தாண்டிட்டான்டா!” என்று கொசு கத்தினாள். டாக்டர் விசிலடித்தார். பிறகு என் மனைவியின் குரல். எட்டு நாளுக்குப் பிறகு.

“ஆட... ஈரு, ஈரு...”

கொஞ்ச நேரம் எதுவும் இல்லை. பிறகு:

“ஏ...ங்க... வந்...”

அவ்வளவுதான். “ஹலோ? ராட்சசி? நெட் போச்சா?” என்றாள் கொசு. மூன்று பேரும் விளையாட்டிலிருந்து வெளியே தள்ளப்பட்டார்கள்.

அடுத்த அரை மணி நேரம் அவர்களுடைய குழுவில் இருபத்துமூன்று செய்திகள் வந்திருந்தன. எல்லாமே யோசனைகள். ரூட்டரை அணைத்துப் போடு. கேபிளைப் பிடுங்கிச் செருகு. வாசப்படியும் ஒன்று எழுதியிருந்தான்: ‘எனக்கும் கட் ஆயிடுச்சு. ஒரு தடவை ரீஸ்டார்ட் பண்ணிப் பாரு.’

அப்போது அவள் தரையில் கிடந்தாள். பதினொன்றரைக்கு நான் வந்து பார்த்தேன்.

“‘ஏங்க, வந்துட்டீங்களா?’ இப்படித்தான் இன்ஸ்பெக்டர் எழுதியிருக்கார்” என்றார் ஸ்டெனோ. “ஏங்கன்னா புருஷன்தானே. அதனால நீங்கதான். அந்த நேரத்துல எங்கே இருந்தீங்க?”

“குடிநீர்ச் சோதனைக்கூடத்துல வேலை. மொட்டைமாடித் தொட்டிகள்ல தண்ணி எடுத்துக்கிட்டிருந்தேன். தனியா.”

“சாட்சி?”

“பதினாலு பாட்டில்.”

“பேசாத சாட்சி” என்றார் ஸ்க்ரூ. “குறுக்கு விசாரணையில ஜெயிச்சிடலாம்.”

ஸ்டெனோ சிரிக்கவில்லை. “உங்களை எப்படிக் கூப்பிடுவாங்க?”

“பார்ட்னர். கோபம்னா சார்.”

“ஏங்கன்னு?”

“நாலு வருஷத்துல ஒரு தடவைகூட இல்லை.”

சொன்னேனே தவிர, எட்டு நாளாக அதையேதான் நினைத்துக்கொண்டிருந்தேன். சாகும்போது ஒருவேளை அப்படிக் கூப்பிட்டாளோ. நான்தான் வந்துவிட்டேன் என்று நினைத்தாளோ. திரும்பிப் பார்க்காமல் இருந்ததற்கு அதுதான் காரணமோ.

ஸ்டெனோ ஒலியை மூன்று முறை திரும்பக் கேட்டார். நோட்டில் ஏதோ கீறினார். பிறகு பென்சிலால் மேஜையைத் தட்டினார்.

“ஸ்க்ரூ, அந்தம்மா முதல்ல என்ன சொல்றாங்க?”

“ஆட.”

“எங்கே ஆட? டான்ஸா?”

“அப்புறம் ஈரு, ஈருங்கறாங்க மேடம். பேன் பார்க்கிற கேமோ என்னமோ.”

“அட. இரு, இரு” என்றார் ஸ்டெனோ. “அவங்க சொன்னது அதான். ‘அ’ இழுத்து ‘ஆ’ ஆயிடுச்சு. ‘இ’ இழுத்து ‘ஈ’ ஆயிடுச்சு. குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு ரெண்டு. அந்த நிமிஷத்துல அவங்க வாயிலேருந்து வந்த உயிர் எழுத்துக் குறில் எல்லாம் ஒரு மாத்திரை கூடித்தான் வந்திருக்கு. அப்ப மூணாவது மட்டும் எப்படி ஒழுங்கா இருக்கும்?”

நோட்டை என் பக்கம் திருப்பிக் காட்டினார்.

“ஏங்க இல்ல, தம்பி. எங்க.”

நான் கறையைப் பார்த்தேன்.

“இவ்வளவு நாளா எல்லாருக்கும் எப்படி ஏங்கன்னு கேட்டுது?” என்றேன்.

“முதல்ல ஒரு ஆள் அப்படிச் சொல்லியிருக்கான். சொன்ன பிறகு எல்லார் காதுக்கும் அப்படியேதான் கேட்கும். கோர்ட்ல தினமும் பார்த்தேன்.” நோட்டைப் புரட்டினார். “போலீஸ்கிட்ட முதல்ல சொன்னது வாசப்படி. ஸ்க்ரூ, குரல் ஏன் இழுக்குது?”

“ஒரே ஸ்ட்ராவுல ரெண்டு பேர் உறிஞ்சினா இழுக்கும் மேடம். அதே வீட்டு லைன்ல இன்னொரு மெஷின் நுழைஞ்சு, கிடைச்சதையெல்லாம் குடிச்சிருக்கு.”

“எப்பத்துலேருந்து?”

ஸ்க்ரூ பதிவைப் பின்னால் தள்ளினார். இணைந்தார் என்று மின்னுவதற்கு முன்னால் அவள் குரல் தெளிவாக இருந்தது. மின்னிய பிறகுதான் ‘ஆட’.

அவர் திரையை ஒருமுறை பெரிதாக்கினார். பெயர்களைப் பார்த்தார். முதல்முறையாக நகைச்சுவை எதுவும் சொல்லவில்லை. ஸ்டெனோவின் காதில் ஏதோ முணுமுணுத்தார்.

“மணி எட்டு பத்து” என்றார் ஸ்டெனோ. “பன்னெண்டுக்குள்ள முடிச்சிடலாம். கிளம்புங்க தம்பி. அந்தத் துணிப் பையையும் எடுத்துக்குங்க. எப்படியும் ஸ்டேஷன் போகத்தான் போறோம்.”

வாசப்படி ஒரு பெரிய அடுக்குமாடியின் இரண்டாவது தளத்தில் இருந்தான். பல் செட் செய்கிறவன். முன்னறைதான் பட்டறை. சுவர் முழுக்கப் பலகைகள். பலகை முழுக்க வெள்ளை மாவுக்கட்டு வாய்கள், மேல்தாடையும் கீழ்த்தாடையுமாக. மெழுகு உருக்கும் சின்ன அடுப்பு எரிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் ரப்பர் கையுறைப் பெட்டி.

என்னைப் பார்த்ததும் எழுந்து வந்து கையைப் பிடித்துக்கொண்டான்.

“அண்ணே, சாப்பிடறீங்களா ஒழுங்கா?”

“ம்.”

“எவ்வளவு பேர் சிரிக்கிறாங்க இங்கே” என்று ஸ்க்ரூ பலகைகளைப் பார்த்தார். “நான் இன்னும் ஜோக்கே சொல்லல.”

ஸ்டெனோ ஸ்டூலில் அமர்ந்தார். “ஒரு சின்ன உதவி. இன்ஸ்பெக்டருக்கு எழுதிக் கொடுக்கணும். அன்னைக்கு நீங்க எங்கே இருந்தீங்க?”

“இங்கேதான். இதே நாற்காலி. கேம்ல அவங்களோட இருந்தேன். மத்த ரெண்டு பேரும் பார்த்தாங்களே. நான் இணைஞ்சது திரையிலயே இருக்கு.”

“நல்லது. ஸ்க்ரூவும் ஒரு அறை திறந்து வெச்சிருக்கார். அதுல ஒரு தடவை சேருங்க. இங்கேருந்து சேர முடியும்னு எழுதிட்டாப் போதும்.”

வேனில் வரும்போதே ஸ்க்ரூ தன் வீட்டுக் கம்ப்யூட்டரில் அறையைத் திறக்கச் சொல்லி மனைவிக்குப் போன் செய்திருந்தார். வாசப்படி தன் லேப்டாப்பில் பொத்தானை அழுத்தினான்.

அறையில் சேர முடியவில்லை.

திரும்ப அழுத்தினான். சேர முடியவில்லை. ஐந்தாவது முறை அவன் நெற்றியில் வியர்த்தது.

“சேராது ராசா” என்றார் ஸ்க்ரூ. “கீழே வாட்ச்மேன்கிட்ட கேட்டேன். நாப்பது வீட்டுக்கும் ஒரே லைன். வெளியேருந்து வர்ற கடுதாசிக்கு எந்த வீடுன்னே தெரியாது. கட்டடத்தோட லைனை மாத்தாம உன்னால ஜென்மத்துக்கும் சேர முடியாது.”

“அன்னைக்கு... அன்னைக்கு ஏதோ அதிர்ஷ்டம்.”

“அப்படியா?” ஸ்டெனோ ஸ்க்ரூவின் லேப்டாப்பை அவன் பக்கம் திருப்பினார். கொசுவின் பதிவு, 10:52-இல் நிறுத்தப்பட்டிருந்தது. “பேருக்குப் பக்கத்துல ஏதோ நம்பர் இருக்கே. அது என்ன?”

அவன் கையுறைப் பெட்டியை நகர்த்தி வைத்தான்.

“நான் சொல்றேன்” என்றார் ஸ்க்ரூ. “ஒவ்வொருத்தரும் ராட்சசியோட கம்ப்யூட்டர்கிட்டேருந்து எவ்வளவு தூரம்ங்கறதுக்கு அது. போய்ச் சேர ஆகிற நேரம். தூரமா இருந்தா நம்பர் பெரிசு. கொசு நாப்பத்தி மூணு. டாக்டர் அறுபத்தி ஒன்னு.” விரலை வைத்தார். “வாசப்படி ஒன்னு.”

“ஒன்னுன்னா?” என்றேன்.

“ஒன்னுன்னா ஒரே ரூட்டர், தலைவா. ஒரே வீடு. இவன் உங்க வாசப்படியிலதான் உட்கார்ந்திருந்தான்.”

அடுப்பில் மெழுகு கொதிக்கும் சத்தம் கேட்டது.

ஸ்டெனோ அவனைப் பார்த்துப் பேசினார். “நீ ஜெயிக்க வரலை. தோக்க வந்தே. மாடிப்படியில உட்கார்ந்து, போன் நெட்டுல பொத்தானை அழுத்தி, பிழை வந்ததும், ‘இன்னைக்கும் முடியல’ன்னு குழுவில எழுதணும். அதான் உன் திட்டம். எல்லாரும் நீ வீட்டுல இருக்கேன்னு நினைப்பாங்க. ஆனா அந்த ஞாயித்துக்கிழமை இதே லேப்டாப் அவங்க வீட்டு வைஃபையில ஒட்டியிருக்கு. கொலை நடந்த அன்னைக்கு அந்தப் பழைய வைஃபையைப் பார்த்ததும் அதுவா போய் ஒட்டிக்கிச்சு. மூணு வாரம் தோத்தவன், தோத்தே ஆகணும்ங்கற அன்னைக்கு ஜெயிச்சுட்டே. சரி, இதுவும் நல்ல சாக்குத்தான்னு வெச்சுக்கிட்டே.”

“ஏன்?” என்றேன். அவ்வளவுதான் கேட்க வந்தது.

அவன் என்னைப் பார்க்கவில்லை. பல்வரிசைகளைப் பார்த்தான்.

“தினமும் ஒரு மணி நேரம் எனக்காகப் பேசினா. எனக்காக மட்டும். வெள்ளிக்கிழமை சொன்னா, இனி என்னால முடியாது, உன் பில்டிங் லைன்தான் கோளாறு, நீ வேற கேம் பார்த்துக்கோ, அடுத்த வாரத்துலேருந்து உன் இடத்துல வேற ஆள்னு. சரியாகணும்னு யார் அழுதா? சரியாகாட்டியும் பேசிக்கிட்டே இருந்திருக்கலாமே!”

கடைசி வார்த்தையோடு மெழுகுச் சட்டியைத் தூக்கி வீசினான்.

ஸ்டெனோ நோட்டை முகத்துக்கு நேராகப் பிடித்தார். கொதிக்கும் மெழுகு அட்டையிலும் அவர் முன்கையிலும் விழுந்தது. ஸ்க்ரூ பாய்ந்தார். மாவுக்கட்டு உடைக்கும் சுத்தியல் அவர் வாயில் இறங்கியது. எலும்பு முறிகிற மாதிரி ஒரு சத்தம். ஸ்க்ரூ பலகை மேல் சாய, நூறு தாடைகள் அவர் மேல் கொட்டின. அவன் சுத்தியலை மறுபடி ஓங்கினான்.

நான் அவன் கையைப் பிடித்தேன். முறுக்கினேன். ஏதோ விட்டுக்கொடுத்தது. சுத்தியல் விழுந்தது. முடியைப் பிடித்து மேஜை விளிம்பில் அவன் முகத்தை இடித்தேன். ஒன்று. மூக்கு உடைந்தது. இரண்டு. அவன் ஏதோ சொல்ல வந்தான். மூன்று. ரத்தம் மாவுப் பொடியில் விழுந்து உருண்டைகளாக ஆனது. நான்கு. எனக்குக் கோபம் வரவில்லை. எதுவுமே வரவில்லை. எண்ணிக்கொண்டு மட்டும் இருந்தேன். ஐந்து. ஆறு.

“ஆறு” என்றார் ஸ்டெனோ பின்னாலிருந்து. அவரும் எண்ணியிருந்தார். “போதும் தம்பி. ஏழு அவனோட கணக்கு. உங்களோடது இல்ல.”

கையை எடுத்தேன். அவன் தரையில் சரிந்தான். மூச்சு குமிழி விட்டது.

ஸ்க்ரூ உட்கார்ந்தபடியே வாயிலிருந்து எதையோ துப்பினார். உள்ளங்கையில் வைத்துப் பார்த்தார்.

“நல்ல வேளை” என்றார் ரத்தத்தோடு. “பல்லு உடையறதுக்கு இதைவிட நல்ல கடை கிடைக்காது.”

பிறகு குப்புற விழுந்து உடைந்திருந்த தாடை ஒன்றை எடுத்தார். மற்றவற்றைவிட அது கனமாக இருந்திருக்க வேண்டும். இரண்டாகப் பிளந்து காட்டினார். மாவுக்கட்டுக்கு நடுவில் ஒரு சாவி. பச்சை நூல் கட்டியிருந்தது. எங்கள் மாற்றுச் சாவிக்கு அந்த நூலைக் கட்டியது அவள்.

ஸ்க்ரூ சுவரில் தொங்கிய நெட் கேபிளைப் பிடுங்கி அவன் கைகளைப் பின்னால் கட்டினார். “இப்பப் பாரு. லைன் ஸ்ட்ராங்கா இருக்கு.”

ஸ்டெனோ வலது கையால் போன் செய்தார். இடது முன்கையில் மெழுகு வெள்ளையாக உறைந்து கிடந்தது.

பன்னிரண்டு மணிக்கு நான் ஸ்டேஷனில் இருந்தேன். சொன்ன நேரத்துக்குச் சரியாக. துணிப் பையும் இருந்தது. இன்ஸ்பெக்டர் அதைப் பார்த்தார். “அதை வீட்டுக்கே எடுத்துட்டுப் போய்யா” என்றார்.

பெஞ்சில் மாமனார் இருந்தார். எட்டு நாளாக என் முகத்தைப் பார்க்காதவர். இப்போதும் பார்க்கவில்லை. தள்ளி உட்கார்ந்து இடம் விட்டார்.

நொறுங்கிய கம்ப்யூட்டரை இன்ஸ்பெக்டர் ஸ்க்ரூவிடம் கொடுத்தார். வாயில் பஞ்சை அடைத்துக்கொண்டு, ஸ்க்ரூ ஒரு மணி நேரம் அதில் குனிந்திருந்தார்.

“பாதி பொழைச்சிருக்கு” என்றார் கடைசியில். “இவங்களும் பதிவு பண்ணியிருக்காங்க. மைக்குல பேசினது நெட்டுக்குப் போறதுக்கு முன்னாடியே இங்கே விழுந்திருக்கு. இழுவை இல்லாம.” என்னைப் பார்த்தார். “கேஸுக்கு இனிமே தேவையில்ல தலைவா. சாவியே போதும். கேட்கணும்னு கட்டாயம் இல்ல.”

“போடுங்க.”

காதில் செருகுவது ஒரு ஜோடிதான் இருந்தது. ஒன்றை மாமனாரிடம் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார். கம்பி குட்டையாக இருந்ததால் தோளோடு தோள் ஒட்டி உட்கார வேண்டியிருந்தது.

முதலில் நாற்காலி கிரீச்சிட்டது. அவள் எதையோ கடித்துத் தின்றுகொண்டிருந்தாள். ‘அட. இரு, இரு’ என்றாள், தெளிவாக. பிறகு விசைப்பலகைச் சத்தம் நின்றது. யோசிக்கும்போது அவள் மூக்கால் விடும் சின்ன மூச்சு. தூரத்தில் எங்கள் வீட்டுக் கதவு. காதை மூடியிருந்ததால் அவளுக்கு அது கேட்கவில்லை.

அவள் என்னைக் கூப்பிடவில்லை. நான் வந்துவிட்டேன் என்று நினைக்கவும் இல்லை. திரையில் ஒரு பெயரையும் அதன் பக்கத்தில் ஒரு எண்ணையும் பார்த்துக்கொண்டிருந்தாள். மூன்று வாரமாக மண்டையைக் குடைந்த கோளாறோடு இது ஒத்துவரவில்லை என்பது அந்த நொடியில் அவளுக்குப் பிடிபட்டிருந்தது. குரலில் பயம் இல்லை. கண்டுபிடித்துவிட்டவளின் குரல்.

அதற்குப் பிறகு ஏழு சத்தம். மாமனார் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். அதற்கு முன்னால் அவள் கடைசியாகச் சொன்னது இது.

“எங்க இருந்துடா வந்தே? உன் வீட்ல இருந்து வர வழியே இல்லையே!”